மரச்சில்லு விலையும் நமது தராசும்

பாலக்கோடு வட்டாரத்துச் சங்கம் ஒன்றைத் தணிக்கை செய்யச் சென்றிருந்தபோது, அங்கத்தினர் ஒருவர் இரண்டு எடைச்சீட்டுகளை நம் முன் வைத்தார். "ஐயா, மரத்துக்கு விலை ஏறியிருக்கிறது என்று எல்லாரும் சொல்கிறார்கள். எனக்கும் முதற் சீட்டைவிட இரண்டாஞ் சீட்டில் டன்னுக்கு ஐந்நூறு ரூபாய் கூட்டித்தான் எழுதியிருக்கிறார்கள். ஆனால் கைக்கு வந்த பணமோ குறைந்துவிட்டது. இது எப்படி?" என்று கேட்டார்.

அன்றே சங்கத்தின் நிர்வாகக் குழுவினர் வேறொரு விஷயத்தில் நம் அபிப்பிராயத்தைக் கேட்டனர். சவுக்கும் தைலமரமும் வளர்க்கும் அங்கத்தினர் பெருகி வருகின்றனர். ஆகவே, கட்டையைச் சில்லாக வெட்டும் இயந்திரம் ஒன்றைக் கடன் பெற்று வாங்கினால், மரத்தைக் கட்டையாக விற்பதைவிடச் சில்லாக விற்று அதிக லாபம் பெறலாம் என்பது அவர்கள் எண்ணம். அடுத்த பேரவைக் கூட்டத்தில் இதற்கான தீர்மானம் வர இருக்கிறது.

இவ்விரு கேள்விகளும் வெவ்வேறானவை போலத் தோன்றினும், இரண்டுக்கும் விடை ஒன்றே. மரச்சில்லு வியாபாரத்தில் 'டன்னுக்கு இவ்வளவு' என்று சொல்லப்படும் தொகை உண்மையான விலை அன்று. அதன் உட்பொருளை அங்கத்தினர் யாவரும் அறிந்துகொள்ள வேண்டும் என்பதற்காகவே இதனை எழுதுகிறோம்.

சில்லு என்பது என்ன?

பட்டை உரித்த மரத்தை இயந்திரத்திலிட்டு, விரலகலத் துண்டுகளாக வெட்டி எடுப்பதே மரச்சில்லு. இதனை வாங்குவோர் இரு திறத்தினர். முதலாவது, காகிதக்கூழ் செய்யும் ஆலைகளும், சில்லை இழையாக்கி அழுத்திப் பலகை செய்யும் ஆலைகளும். இவர்களுக்கு வேண்டுவது மரத்தின் நார். இரண்டாவது, கொதிகலன் வைத்திருப்போர். ஈரோடு, திருப்பூர்ப் பகுதிகளில் நம் நெசவாளர் துணிக்குச் சாயமேற்றும் பட்டறைகளில் பல, விறகினால் நீராவி உண்டாக்குகின்றன. இவர்களுக்கு வேண்டுவது மரத்தின் வெப்பம்.

கூழ் ஆலைக்கான சில்லில் பட்டையும் மண்ணும் இருத்தல் ஆகாது. துண்டுகள் ஒரே அளவினவாக இருக்க வேண்டும். அளவு மாறினால் சிறு துண்டு கரைந்துபோகும். பெருந்துண்டு வேகாது நிற்கும். ஆதலால் பெரிய காகித ஆலைகள் கட்டையாகவே வாங்கி, தம் இயந்திரங்களில் தாமே வெட்டிக்கொள்ள விரும்புகின்றன. கொதிகலனுக்குச் செல்லும் சில்லுக்கு அத்தனை கண்டிப்பு இல்லை. அதற்கேற்ப விலையும் குறைவு. 'சில்லாக விற்றால் விலை கூடும்' என்று சொல்வோர், எவருக்கு விற்கும் சில்லு என்பதை முதலில் சொல்ல வேண்டும்.

நெசவாளருக்கும் இவ்வியாபாரம் அந்நியமன்று. விஸ்கோஸ் ரேயான் நூல் மரக்கூழிலிருந்தே பிறக்கிறது. கோவைப் பக்கத்தில் சிறுமுகையில் முன்பு இயங்கி வந்த விஸ்கோஸ் ஆலை, தைலமரத்தைக் கூழாக்கியே நூலிழை செய்தது. கூழின் விலை ஏறினால் காகிதத்தோடு ரேயான் நூலும் விலையேறுவது இதனால்தான்.

விலை பிறந்த வரலாறு

உழவர் வளர்த்த மரத்துக்கு ஆலையில் ஒரு விலை உண்டு என்பதே அண்மைக் காலத்து நிகழ்ச்சி. சென்ற நூற்றாண்டின் நடுவில் காகித ஆலைகளும் ரேயான் ஆலைகளும் அரசுக் காட்டு மூங்கிலையும் மரத்தையும் பெற்றே இயங்கின. 1958-ஐ ஒட்டிக் கன்னட நாட்டில் டண்டேலி ஆலைக்கு மூங்கில் டன் ஒன்றரை ரூபாய்க்குக் கொடுக்கப்பட்டது. கேரளத்து மாவூர் ரேயான் ஆலைக்கு ஒரு ரூபாய் என்ற கணக்கில் ஒப்பந்தம் செய்யப்பட்டது. காட்டுமரம் அவ்விலைக்குக் கிடைக்கையில், நிலத்தில் பாடுபட்டு வளர்த்த மரத்தை எந்த ஆலை நல்ல விலை கொடுத்து வாங்கும்?

காடு குறைந்த பின்னரே கொள்கை மாறிற்று. ஆலைகள் தமக்கு வேண்டிய மூலப்பொருளை, இயன்ற அளவு, மரம் வளர்ப்போருடன் நேர் உறவு கொண்டு பெற வேண்டும் என்று 1988-ஆம் ஆண்டின் தேசிய வனக் கொள்கை கூறிற்று. இன்று இந்தியக் காகித ஆலைகள் பயன்படுத்தும் மரத்தின் பெரும்பகுதி உழவர் நிலங்களிலிருந்தே செல்கிறது.

நமக்கு அணித்தான பெரிய ஆலைகள் இரண்டு. பள்ளிபாளையத்திலுள்ள சேஷசாயி காகித ஆலை 1960-இல் நிறுவப்பெற்றது. கரூருக்கு அருகே காகிதபுரத்தில் 1984-இல் உற்பத்தி தொடங்கிய தமிழ்நாடு செய்தித்தாள் காகித நிறுவனம், கரும்புச் சக்கையை முதன்மையாக நம்பி எழுந்ததாயினும், மரமும் வாங்குகிறது. மரம் வளர்ப்போருடன் ஒப்பந்தமும் செய்துகொள்கிறது. மேட்டுப்பாளையம் வனக்கல்லூரி, ஆலை, உழவர், ஆராய்ச்சி நிலையம், வங்கி ஆகிய நால்வரையும் இணைக்கும் ஒப்பந்த மரச்சாகுபடி முறையைப் பரப்பி வந்திருக்கிறது. கோவையிலுள்ள வன மரபியல் நிறுவனம் விரைந்து வளரும் சவுக்கு வகைகளைத் தந்துள்ளது.

ஏற்றமும் இறக்கமும்

தக்காளி விலையின் குணத்தைப் பாலக்கோட்டு விவசாயிக்கு நாம் சொல்ல வேண்டுவதில்லை. விலை ஏறிய மாதத்தில் எல்லாரும் நாற்று நடுவர். காய் வரும் மாதத்தில் கூடை விலைகூடத் தேறாது. மரத்திலும் இதே கதைதான். தக்காளியில் மூன்று மாதத்தில் நடப்பது, மரத்தில் நான்கைந்து ஆண்டில் நடக்கிறது. சவுக்கு வெட்டுக்கு வர மூன்று நான்கு ஆண்டும், தைலமரம் வர நான்கைந்து ஆண்டும் ஆகும். விலை ஏறியது கண்டு நட்டவன், அவ்விலை போன பிறகே வெட்டுகிறான். விலை வீழ்ந்தது கண்டு வேரைப் பிடுங்கியவன், மீண்டும் விலை ஏறும்போது வெறுங்கையோடு நிற்கிறான்.

ஆந்திரத்தில் பிரகாசம், குண்டூர், கிருஷ்ணா மாவட்டங்களில் சூபாபுல் எனப்படும் சவுண்டல் மரத்தை ஏராளமான உழவர் நட்டனர். மரம் மிகுந்ததும் விலை வீழ்ந்தது. விலை அறிவிப்பு ஏட்டில் இருந்தும் அவ்விலை தமக்குக் கிட்டவில்லை என்றும், வியாபாரிகள் பணத்தை நிலுவை வைத்தனர் என்றும் அவர்கள் பல ஆண்டு முறையிட்டனர். அறிவிப்பு மட்டும் விலையைக் காக்காது என்பதற்கு இஃதொரு சான்று.

அண்மை ஏற்றத்தின் காரணமும் இவ்வகையினதே. 2020 மார்ச்சில் பெருந்தொற்றினால் பள்ளிகள் மூடப்பட்டன. நோட்டுக்கும் பாடநூலுக்கும் காகிதம் வேண்டாதாயிற்று. ஆலைகள் மரம் வாங்குவதைச் சுருக்கின. நடவும் குறைந்தது. 2022-இல் பள்ளிகளும் அலுவலகங்களும் முழுமையாக இயங்கி, காகிதத் தேவை திரும்பியபோது, வெட்டுவதற்கு வேண்டிய மரம் நிலத்தில் இல்லை. அத்துடன் இழைப்பலகை ஆலைகளும் போட்டிக்கு வந்தன. ஸ்ரீகாளஹஸ்தியை அடுத்து 2018-இல் உற்பத்தி தொடங்கிய ஆலை அவற்றுள் ஒன்று. நம் எல்லையை அடுத்த கர்நாடகத்தில் தைலமரம் புதிதாக நடுவதற்கு 2017-இல் தடை விதிக்கப்பட்டது. சரக்கு குறைந்து, வாங்குவோர் பெருகியதால் விலை ஏறிற்று.

ஆயின் இவ்வேற்றத்துக்கு ஒரு கூரை உண்டு. ஒரு டன் வெள்ளைக் கூழ் செய்ய முற்றும் உலர்ந்த மரம் இரண்டு டன்னுக்குச் சற்று மேலாக வேண்டும். மர விலை மிகுந்து, அயல்நாட்டுக் கூழ் அதனினும் மலிவாக வந்து இறங்குமானால், ஆலை கூழையே வாங்கிக்கொள்ளும். தென்கிழக்காசிய நாடுகளுடன் செய்த வாணிப ஒப்பந்தம் 2010-இல் நடைமுறைக்கு வந்தபின், அந்நாடுகளின் காகிதத்துக்கான சுங்கவரி படிப்படியாகக் குறைந்தது. எனவே கூழ் மட்டுமன்று, காகிதமே மலிவாக வந்து இறங்குவதும் உண்டு. உலகச் சில்லு வாணிபத்தில் இன்று மிகுதியாக ஏற்றுமதி செய்வது வியட்நாம். மிகுதியாக வாங்குவது சீனம். அங்கு ஏற்படும் தேக்கமும் தட்டுப்பாடும், கூழ் விலை வழியாக, நம் வயலோரத்து விலையையும் தொடுகின்றன.

தண்ணீரின் எடை

இனி எடைச்சீட்டு விஷயத்துக்கு வருவோம். கணக்கு எளிதாகும்படி எண்களை முழுமையாக்கிச் சொல்கிறோம். இவற்றை இன்றைய சந்தை விலையாகக் கொள்ளலாகாது.

அந்த அங்கத்தினர் தம் தோப்பைச் சமபாகமாக இரண்டாகப் பிரித்து, ஒரே வாரத்தில் வெட்டினார். ஒரு பாதியை உடனே ஏற்றி அனுப்பினார். எடை 20 டன். மறு பாதியை, விலை இன்னும் ஏறும் என்று தரகர் சொன்னதை நம்பி, பட்டை உரித்து வெயிலில் சில வாரம் அடுக்கி வைத்தார். விலையும் ஏறியது. ஆனால் எடை 20 டன் நிற்கவில்லை.

பச்சை மரத்தின் எடையில் ஏறத்தாழ பாதி தண்ணீர். 20 டன் பச்சைக் கட்டையில் உண்மையான மரம் 10 டன்தான். ஏனைய 10 டன்னும் நீர். வெயிலில் கிடந்து ஈரம் நூற்றுக்கு 35 ஆகக் குறையுமானால், அதே கட்டையின் எடை சுமார் 15.4 டன்னாகிவிடும். மரம் ஒரு கிலோவும் குறையவில்லை; நீர் மட்டுமே போயிற்று.

பச்சையாக விற்ற பாதிக்கு, டன் ரூ. 6,000 வீதம் கிடைத்தது ரூ. 1,20,000. காயவைத்து விற்ற பாதிக்கு, டன் ரூ. 6,500 வீதம் கிடைத்தது ரூ. 1,00,000-ஐ ஒட்டியது. முதற் பாதியில் உலர்ந்த மரத்துக்கு டன் ரூ. 12,000 விழுந்தது, இரண்டாம் பாதியில் ரூ. 10,000-தான் விழுந்தது. சீட்டிலே விலை ஐந்நூறு ஏறிற்று. உண்மையிலே இரண்டாயிரம் இறங்கிற்று. காத்திருந்தமைக்கு நஷ்டமில்லாமல் இருந்திருக்க வேண்டுமானால், இரண்டாஞ் சீட்டில் டன் ரூ. 7,800 எழுதப்பட்டிருக்க வேண்டும்.

வாங்கியவர் எடையில் ஏமாற்றவில்லை. எடைமேடை சரியாகத்தான் இருந்தது. அவர் சரக்கின் தன்மையை அறிந்திருந்தார். நம் அங்கத்தினர் அறிந்திருக்கவில்லை. அவ்வளவே வேற்றுமை.

இதனால் எப்போதும் பச்சையாகவே விற்பது நன்று என்று முடிவு கட்டிவிடலாகாது. ஈரத்தைச் சோதித்து, உலர்ந்த எடைக்குப் பணம் கொடுப்போரும் உண்டு. அவர்களிடம் காயவைத்து அனுப்புவதே லாபம். லாரியில் நீருக்குக் கொடுக்கும் வாடகை மீதியாகும். வெட்டுக்கு முன்பே 'எந்த ஈரத்துக்கு இந்த விலை?' என்று கேட்டுத் தெரிந்துகொள்வதே முறை.

இது நம் அங்கத்தினருக்குப் புதிய நீதியன்று. பாலக்கோடு கூட்டுறவுச் சர்க்கரை ஆலைக்குக் கரும்பு வெட்டியவர்கள், கரும்பின் விலையில் எடையோடு சர்க்கரைச் சத்தும் கணக்கில் வரும் என்பதை அறிவார்கள். நூல் வாங்கும் நெசவாளர், பருத்தி நூல் காற்றின் ஈரத்தை உறிஞ்சி எடை கூடும் என்பதை அறிவார்கள். அதனால்தான் வாணிபத்தில் உலர்ந்த பருத்தி நூறுக்கு எட்டரை ஈரமும், பட்டுக்கு நூறுக்குப் பதினொன்றும் கணக்கில் சேர்க்கலாம் என்று அளவு வகுத்திருக்கிறார்கள். பிரான்சு தேசத்து லியோன் நகரில் பட்டு வியாபாரிகளிடையே இதே வழக்கு எழுந்தபோது, 1805-இல் பட்டின் ஈரத்தைச் சோதித்துச் சான்று தரும் பொதுநிலையம் ஒன்றை ஏற்படுத்தினார்கள். விற்பவன் சொல்லும் வாங்குபவன் சொல்லும் அங்கு செல்லா. நிலையத்தின் சான்றே செல்லும். உலகச் சில்லுச் சந்தையிலும் முற்றும் உலர்ந்த டன்னுக்கே விலை பேசுகிறார்கள். நம் வயலோரத்தில் மட்டும் பச்சைக்கும் காய்ந்ததற்கும் ஒரே தராசாக இருப்பானேன்?

வழியின் செலவும் இயந்திரத்தின் செலவும்

பாலக்கோட்டிலிருந்து தருமபுரி, சேலம் வழியாகப் பள்ளிபாளையம் ஏறத்தாழ 150 கிலோமீட்டர். பச்சைக் கட்டை ஏற்றிய லாரியின் வாடகையில் பாதி தண்ணீருக்குக் கொடுப்பதாகும். ஆலை வாசலில் சொல்லும் விலையில் இவ்வாடகையும், வெட்டுக்கூலியும், பட்டை உரிக்கும் கூலியும், ஏற்றுக்கூலியும், தரகும் போக மிஞ்சுவதே உழவனின் விலை.

சில்லாக்கினால் வாடகை குறையும் என்று சிலர் நினைக்கின்றனர். உண்மை இதற்கு மாறானது. ஒரு கனமீட்டர் திண்ணிய மரம், அடுக்கிய கட்டையாக ஒன்றரைக் கனமீட்டர் இடத்தை அடைக்கும். சில்லாகிக் குவிந்தாலோ இரண்டரை மடங்குக்கு மேல் பரவும். ஆகவே லாரி எடை நிறையுமுன் இடம் நிறைந்துவிடும். மேலும், ஈரச் சில்லைக் குவித்து வைத்தால் உள்ளே சூடேறிப் பூஞ்சை பிடித்து மரம் வீணாகும். பெருங்குவியல் தானே தீப்பற்றுவதும் உண்டு. கட்டையைப் போல விலைக்குக் காத்திருக்கச் சில்லுக்கு இயலாது.

கொதிகலனுக்கு விற்பதானாலும் ஈரமே விலையைத் தீர்மானிக்கும். முற்றும் உலர்ந்த மரம் கிலோவுக்குச் சுமார் 4,400 கிலோகலோரி வெப்பம் தரும். பாதி ஈரமான மரம் சுமார் 1,900-தான் தரும். சாயப்பட்டறைக்காரர் இதனை நன்கறிவார்.

இயந்திரத்தின் கணக்கையும் பார்ப்போம். விலை 10 லட்சம் என்றும், வட்டி நூற்றுக்குப் பத்து, தேய்மானம் நூற்றுக்குப் பத்து என்றும் கொள்வோம். ஆண்டுக்கு 2 லட்சம் நிலையான செலவு. ஆண்டில் 1,000 டன் வெட்டினால் டன்னுக்கு ரூ. 200 விழும், 250 டன்தான் வந்ததென்றால் டன்னுக்கு ரூ. 800 விழும். டீசல், கத்தி, ஆள் கூலி இவற்றின் மேல் தனி. மரம் வெட்டு ஆண்டுதோறும் ஒரே சீராக வராது என்பதை மேலே கண்டோம். மரம் வராத ஆண்டிலும் வட்டி வந்துகொண்டேயிருக்கும். அதனைச் சுமப்பது மரம் வளர்க்காத அங்கத்தினரின் பங்குத்தொகையும் ஆகும்.

சங்கம் செய்யத்தக்கன

முதலாவதாக, எந்த அங்கத்தினரிடம் எத்தனை ஏக்கரில் எம்மரம் உள்ளது, எந்த ஆண்டு எந்த மாதம் வெட்டுக்கு வரும் என்பதற்குச் சங்கத்தில் ஒரு பதிவேடு திறக்க வேண்டும். இப்பதிவேடின்றி எவரிடமும் விலை பேச இயலாது.

இரண்டாவதாக, ஈரம் பார்க்கும் வழக்கத்தை ஏற்படுத்த வேண்டும். இதற்குப் பெருஞ்செலவில்லை. வெவ்வேறு கட்டைகளின் நடுப்பகுதியிலிருந்து வட்டத் துண்டுகள் அறுத்து, சரியாக ஒரு கிலோ நிறுத்து, 105 பாகை வெப்பமுள்ள அடுப்புப் பெட்டியில் எடை மேலும் குறையாத வரையில் உலர்த்தி, மீண்டும் நிறுக்க வேண்டும். 550 கிராம் நின்றால் ஈரம் நூற்றுக்கு 45. ஒரு சிறு தராசும் உலர்த்தும் பெட்டியும் இருந்தால் போதும்.

மூன்றாவதாக, தோப்பை மொத்தமாகக் கண்மதிப்பில் விற்பதை விட்டு, எடைக்கு விற்க வேண்டும். ஒப்பந்தத்தில் இவை எழுத்தில் இருத்தல் வேண்டும்: பட்டையோடா, உரித்தா, எந்த ஈரத்துக்கு விலை, எவ்வளவு சிறுத்த கட்டை வரை ஏற்பர், எந்த எடைமேடை, ஏற்றுக்கூலியும் வாடகையும் யாருடையவை, பணம் எத்தனை நாளில், வெட்டும் காலத்தில் சந்தை வீழ்ந்தால் குறைந்தபட்ச விலை எவ்வளவு. சிட்டா, அடங்கல் நகல்களையும் கிராம நிர்வாக அலுவலர் சான்றையும் வெட்டுக்கு முன்பே பெற்று வைத்தல் நலம்.

நான்காவதாக, அங்கத்தினர் சேர்ந்து முறை வைத்து வெட்ட வேண்டும். ஒருவர் தோப்பு அரை லாரிக்கு வந்தால் அவருக்கு முழு வாடகை. இருவர் சேர்ந்தால் ஆளுக்குப் பாதி. பச்சை எடைக்கு விலை பேசியிருந்தால், வெட்டிய சில நாட்களிலேயே ஏற்றிவிட வேண்டும்.

ஐந்தாவதாக, இருக்கும் நிலம் முழுவதையும் ஒரே ஆண்டில் மரமாக்கிவிடலாகாது. ஆண்டுதோறும் ஒரு பகுதியாக நட்டால், ஏற்றம் வந்த ஆண்டிலும் வெட்ட மரம் இருக்கும். இறக்கம் வந்த ஆண்டிலும் முழுவதும் போகாது. மழை குறைந்த நம் வட்டாரத்தில், உணவுப் பயிர்க் கிணற்றின் நீரை மரத்துக்குத் திருப்புமுன் இருமுறை எண்ண வேண்டும்.

இவை நடந்து ஈராண்டு சென்றபின், பதிவேட்டைப் புரட்டிப் பார்க்கட்டும். ஆலை ஏற்காத கொப்பும் கிளையும் ஆண்டுதோறும் இத்தனை டன் சேர்கிறது, அதை இன்ன விலைக்குக் கொள்ளக் கொதிகலன்காரர் எழுத்தில் ஒப்புகிறார் என்று தெரியவந்தால், அப்போது இயந்திரம் வாங்குவதைப் பற்றிப் பேரவை தாராளமாக ஆலோசிக்கலாம். முதலில் தராசு, பிறகு ஒப்பந்தம், அதன்பின் இயந்திரம் என்பதே நாம் கூறும் வரிசை. இவ்வரிசை தலைகீழாகி, இயந்திரம் முதலில் வந்து, சரக்கும் விலையும் பின்னால் வராமற்போன சங்கங்களின் கணக்கேடுகளை நாம் தணிக்கையில் கண்டிருக்கிறோம். அந்த நிலை நம் சங்கத்துக்கு வேண்டாம்.

கேள்வி கேட்ட அந்த அங்கத்தினர்க்கு அவர் இழந்த இருபதினாயிரம் ரூபாய் திரும்பி வராது. ஆயினும் அவ்விரு எடைச்சீட்டுகளின் நகலையும், அவற்றின் கீழ் உலர்ந்த எடைக் கணக்கையும் எழுதி, சங்க அலுவலகச் சுவரில் ஒட்டி வைக்குமாறு சொல்லி வந்துள்ளோம். தீர்மானத்துக்கு வாக்களிக்க வரும் அங்கத்தினர் ஒவ்வொருவரும் உள்ளே செல்லுமுன் அதனைப் படித்துவிட்டுச் செல்வார்களாக.